சொல் கனக்கும் கடல்: கற்பனை உலகுக்கு ஒரு மாயக்கடலை உருவாக்கும் முழு வழிகாட்டி

கோடைக்கானலில் வடகிழக்குப் பருவமழை பெய்யும் அக்டோபர் முதல் டிசம்பர் வரையிலான மாதங்களில், மாலை நான்கு மணிக்கு மேல் வெளியே செய்வதற்குப் பெரிதாக ஒன்றும் இருப்பதில்லை. மின்சாரமும் பல நாட்கள் நமக்கு முன்பே உறங்கப் போய்விடும். அப்படிப்பட்ட மாலைகளில் அண்ணன் பிள்ளைகள் இருவரையும் பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் இருவரையும் உட்காரவைத்து, பகடையும் தாளும் பென்சிலும் கொண்டு ஆடும் கதாபாத்திர விளையாட்டை நான் நடத்தி வருகிறேன். இதில் ஒருவர் உலகத்தை விவரிப்பார். மற்றவர்கள் அந்த உலகத்து மனிதர்களாக மாறி, தாங்கள் என்ன செய்கிறோம் என்று சொல்வார்கள். நடக்குமா நடக்காதா என்ற ஐயம் எழும் இடத்தில் பகடை தீர்ப்புச் சொல்லும்.

இந்த விளையாட்டுக்காக நான் முதலில் உருவாக்கிய கடலில் ஏழு தலைத் திமிங்கலமும், நெருப்பு உமிழும் சுறாவும், கப்பலை விழுங்கும் சுழியும் இருந்தன. மூன்று இரவுகள் விழித்திருந்து எழுதினேன். அண்ணன் மகன் வரைபடத்தை ஒரு நிமிடம் உற்றுப் பார்த்துவிட்டு, "சித்தப்பா, நாங்க கரையோரமா நடந்தே போயிடறோம்" என்றான். கடல் அத்தோடு முடிந்தது. பூதங்களை எத்தனை நிரப்பினாலும் அந்த இடம் ஒரு மிருகக்காட்சிசாலையாக இருக்குமே தவிரக் கடலாக இராது என்பது அன்றைக்குப் புரிந்தது. அதற்குப் பிறகு உருவாக்கிய 'மஞ்சாழி' என்னும் கடல் இன்றுவரை எங்கள் மேசையில் அலையடிக்கிறது. அதை உருவாக்கிய வழியை, இடையில் செய்த பிழைகளோடு இங்கே எழுதுகிறேன். விளையாட்டுக்காக அன்றிச் சிறுகதைக்காகவோ நாவலுக்காகவோ மாயக்கடல் தேடுபவர்களுக்கும் இதே வழி பொருந்தும்.

முதல் படி: மெய்யான ஒன்றைப் பார்த்துக்கொண்டு உட்காருங்கள்

மாயக்கடலைத் தொடங்குவதற்கு மந்திரத்தைத் தேடிப் போக வேண்டியதில்லை. உங்கள் ஊரில் இருக்கும் ஏதாவது ஒன்று கடல்போல் நடந்துகொள்கிறதா என்று முதலில் பார்க்க வேண்டும். கோடைக்கானலிலிருந்து எந்தத் திசையில் போனாலும் கடலைத் தொட நூறு கிலோமீட்டருக்கு மேல் பயணம் செய்தாக வேண்டும். ஆனாலும் எங்களுக்கு ஒரு கடல் உண்டு. 1872ஆம் ஆண்டில் கோக்கர் என்னும் ஆங்கிலேய அதிகாரி மலை விளிம்பில் அமைத்த நடைபாதையில், மழை ஓய்ந்த மறுநாள் விடியற்காலையில் நின்று கீழே பார்த்தால், பெரியகுளம் ஊர் இருக்க வேண்டிய இடத்தில் வெண்மஞ்சு, அதாவது மூடுபனி, அடிவானம் வரை தட்டையாகப் பரந்து கிடக்கும். தாழ்ந்த குன்றுகளெல்லாம் மூழ்கியிருக்க, உயர்ந்த முகடுகள் மட்டும் தீவுகளாக மேலே நிற்கும்.

அந்தக் காட்சியின் அழகை எழுதிக்கொள்வதில் பயன் அதிகம் இல்லை. அது என்ன செய்கிறது என்பதை நேரக் குறிப்போடு எழுதிக்கொள்வதே பயன் தரும். நான் ஒரு நோட்டுப் புத்தகத்தோடு நான்கு காலைகள் அங்கே உட்கார்ந்திருந்தேன். விடியலில் மஞ்சு பள்ளத்தாக்கின் அடியில் அசையாமல் படுத்திருந்தது. எட்டு மணி வெயில் பாறைகளைத் தொட்டதும் அதன் விளிம்பு நெகிழ்ந்து, சோலைக்காடுகளுக்குள் விரல் விட்டதுபோல் நுழைந்தது. பத்து மணிக்கு மேல் மலைச்சரிவைப் பிடித்து ஏறியது. நண்பகலில் நடைபாதையின் கம்பிவேலியைத் தாண்டி என் முழங்காலை நனைத்தது. வெயிலில் சூடான சரிவு காற்றை மேலே இழுப்பதும், ஏறும் காற்று குளிர்ந்து அதிலுள்ள ஈரம் துளிகளாவதும் இதற்குக் காரணம். காரணம் எதுவாயினும் எனக்கு வேண்டியது கிடைத்துவிட்டது: சந்திரனைப் பின்பற்றாமல் சூரியனைப் பின்பற்றி, நாளுக்கு ஒரே ஒரு முறை ஏறி இறங்கும் ஓதம் கொண்ட ஒரு கடல்.

நீங்கள் தஞ்சாவூரில் இருந்தால் காற்றில் அலையடிக்கும் நெல்வயலும், ராமநாதபுரத்தில் இருந்தால் கானல் நீரும் இந்த வேலையைச் செய்யும். நேரில் பார்க்க முடிந்த ஒன்றாக இருக்க வேண்டும் என்பது மட்டுமே நிபந்தனை.

இரண்டாம் படி: ஒரே ஒரு விதியை மாற்றுங்கள்

நம் மரபில் உலகைச் சூழ்ந்த ஏழு கடல்களைச் சொன்னவர்கள் உப்புநீர், கரும்புச்சாறு, கள், நெய், தயிர், பால், நன்னீர் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு பொருளை மட்டுமே மாற்றினார்கள். தயிர்க்கடலுக்கு மேலே ஒரு பூதத்தையும் கூடுதலாக உட்காரவைக்க வேண்டும் என்று அவர்களுக்குத் தோன்றவில்லை. தயிர்க்கடல் என்ற ஒரு சொல்லிலேயே, அதில் துடுப்பு எப்படி நகரும் என்ற கேள்வி கேட்பவர் மனத்தில் தானாக எழுந்துவிடுகிறது. மெய்யான கடலும் ஒரே ஒரு மாற்றத்தால் மாயமாகிவிடக்கூடியதுதான். 1995ஆம் ஆண்டு ஜனவரியில் சோமாலியாவுக்கு அப்பால் சென்ற 'லிமா' என்னும் கப்பல், இரவில் அடிவானம் வரை பால்போல் ஒளிர்ந்த கடலைக் கடந்தது. பத்து ஆண்டுகளுக்குப் பிறகு ஆய்வாளர்கள் பழைய செயற்கைக்கோள் படங்களைத் தோண்டிப் பார்த்தபோது, அந்த ஒளிப்பரப்பு ஏறத்தாழ 15,400 சதுர கிலோமீட்டர் இருந்தது தெரியவந்தது. ஒளிரும் பாக்டீரியாக்கள் இதற்குக் காரணம் என்று கருதப்படுகிறது. அலையும் உப்பும் மீனும் அப்படியே இருக்க, நிறம் ஒன்று மாறியதும் மாலுமிகளுக்கு அது வேறு உலகமாகிவிட்டது.

மஞ்சாழிக்கு நான் தேர்ந்த விதி இது: அந்தக் கடலின் மேல் பேசப்படும் ஒவ்வொரு சொல்லும் ஒரு கிலோ எடை பெறும். அந்த எடை, பேசியவர் ஏறியிருக்கும் படகின் மேல் இறங்கும். படகு பாறையையோ கரையையோ தொட்டால் எடை கழன்றுபோகும், அதுவரை போகாது. இவ்வளவுதான். மந்திரவாதியும் சாபமும் முன்கதையும் இதற்குத் தேவைப்படவில்லை. கடலுக்குத் தமிழில் ஆர்கலி என்றும் ஒரு பெயர் உண்டு. மிகுந்த ஆரவாரத்தை உடையது என்பது பொருள். ஆரவாரமே உருவான ஒன்றுக்கு எதிர்ப்பக்கம் என்னவாக இருக்கும் என்று எண்ணிப் பார்த்தபோதுதான் இந்த விதி கிடைத்தது.

உங்கள் விதியைச் சோதிக்க ஒரு வழி உண்டு. அதை ஒரே மூச்சில் சொல்லி முடிக்க முடிய வேண்டும், கேட்டவர் உடனே "அப்படியானால்..." என்று தொடங்கி ஒரு கேள்வி கேட்க வேண்டும். கேள்வி வராவிட்டால் விதி வெறும் அலங்காரம் என்று பொருள்; அதை விட்டுவிடுங்கள்.

மூன்றாம் படி: கணக்குப் போடுங்கள்

பெரும்பாலானோர் தாண்டிக் குதித்துவிடும் படி இது. என் அனுபவத்தில் கடலின் அச்சம் முழுவதும் இங்கேதான் பிறக்கிறது. ஆகவே சற்று நின்று பார்ப்போம்.

ஆறு மீட்டர் நீளமும் இரண்டு மீட்டர் அகலமும் கொண்ட, பெட்டி போன்ற தட்டையான படகை எடுத்துக்கொள்வோம். அதன் அடிப்பரப்பு 12 சதுர மீட்டர். சாதாரண நீரில் அதை ஒரு சென்டிமீட்டர் கீழே அமிழ்த்த 120 கிலோ தேவைப்படும். அதாவது, ஒரு சொல்லுக்கு ஒரு கிலோ என்றால், ஒரு சென்டிமீட்டர் அமிழ்வதற்கு 120 சொற்கள் பேசியாக வேண்டும். இதில் யாருக்கும் அச்சம் வராது. ஊர்வம்பு முழுவதையும் பேசி முடித்த பிறகும் படகு மிதந்துகொண்டிருக்கும். என் முதல் கணக்கு இப்படித்தான் தோற்றது.

எடையைக் கூட்டிச் சொல்லுக்குப் பத்துக் கிலோ என்று வைக்கலாம். ஆனால் அது மேசையில் எண்ணுவதற்குத் தொல்லை. அதற்கு மாறாகக் கடலையே மெலிதாக்கினேன். மஞ்சாழி நீரைவிடப் பத்து மடங்கு இலேசானது. ஒரு கனமீட்டருக்கு 1,000 கிலோ என்பது இங்கே 100 கிலோ. இப்போது 12 சொற்கள் பேசினாலே படகு ஒரு சென்டிமீட்டர் தாழும். படகின் உயரம் 60 சென்டிமீட்டர் என்றால், அது தாங்கக்கூடிய மொத்த எடை 720 கிலோ. படகு 200, நால்வர் 240, சரக்கு 100 என்று கூட்டினால் 540 கிலோ வருகிறது. எஞ்சியிருப்பது 180. நால்வரும் சேர்ந்து, கரையை விட்டது முதல் கரையைத் தொடும் வரை, பேசக்கூடியவை மொத்தம் 180 சொற்கள்.

இந்த எண்ணைச் சொன்னதும் பிள்ளைகள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். ஏழு தலைத் திமிங்கலத்துக்குக் கிடைக்காத மரியாதை 180க்குக் கிடைத்தது.

பிறகு கடலின் அடர்த்தியையும் ஓதத்தோடு கட்டினேன். விடியலில் மஞ்சு இறுகிக் கிடக்கும்போது 100. வெயில் ஏறி அது மேலெழுந்து பரவும்போது மெலிந்து, பதினொரு மணிக்கு 80. அப்போது அதே படகு தாங்குவது 576 கிலோ மட்டுமே. எஞ்சும் சொற்கள் 36. காலையிலேயே ஐம்பது சொல் பேசிவிட்டவர்கள் பதினொரு மணிக்கு முன் கரை சேராவிட்டால், அதற்குப் பிறகு வாயை மூடிக்கொண்டிருந்தாலும் மூழ்குவார்கள். அடர்த்தி 75க்கு இறங்கும் நண்பகலில், ஒரு சொல்லும் பேசாத படகின் விளிம்புகூட மஞ்சோடு சமமாகிவிடும். ஆகையால் அந்த உலகத்துக் கடலோடிகள் அனைவரும் விடியலுக்கு முன் புறப்பட்டு, வெயிலுக்கு முன் கரை சேர்கிறார்கள். இதை நான் விதியாக எழுதவில்லை, கணக்கே எழுதியது.

நான்காம் படி: விதியை அன்றாட வாழ்க்கைக்குள் இறக்குங்கள்

கணக்கு முடிந்ததும் ஒரு தாளை எடுத்து, அந்தக் கடலோரத்தில் ஒரு நாள் எப்படிக் கழியும் என்று விடியல் முதல் இரவு வரை எழுதிப் பாருங்கள். அரசர்களையும் போர்களையும் இப்போது தொட வேண்டாம்.

படகு கட்டுபவர் ஆணி அடிக்கமாட்டார் என்று நான் எழுதினேன். கிறீச்சிடும் ஓசையையும் கடல் சொல்லாக எண்ணிவிடுமோ என்ற அச்சம் அவருக்கு இருக்கும். அப்படியானால் பலகைகளை எப்படி இணைப்பார்? சோழமண்டலக் கரையில் மசூலாப் படகுகளின் பலகைகளைத் தென்னங்கயிற்றால் தைத்திருக்கிறார்கள். ஆணி இல்லாத அந்தப் படகு அலை மோதும்போது விரியாமல் வளைந்து கொடுக்கும். அதையே எடுத்துக்கொண்டேன். கற்பனைக்குள் இப்படிப்பட்ட மெய்யான தொழில்நுட்பம் ஒன்று உட்கார்ந்தால், சுற்றியிருக்கும் பொய்களுக்கும் ஒரு நிறைவு வந்துவிடுகிறது.

படகோட்டிகள் ஏலேலோ பாட முடியாது. துடுப்புகள் ஒன்றாக விழுவதற்கு, எல்லாருடைய கணுக்காலையும் இணைக்கும் ஒரு கயிற்றைத் தலைமை ஓட்டி அசைத்துக்கொண்டே இருப்பார். காது கேளாதவர்கள் அந்த உலகத்தில் மிகச் சிறந்த கடலோடிகள். சைகை மொழியிலேயே சிந்தித்து வளர்ந்தவர்களுக்கு அங்கே அவசரத்தில் வாய் தவறுவதில்லை. மற்றவர்கள் அவர்களிடம் தொழில் பழகுகிறார்கள். துறைமுக ஊர்களில் பிள்ளைகள் எழுத்துக்கு முன் சைகையைக் கற்கிறார்கள். தூக்கத்தில் உளறுபவர்களுக்கு எவரும் இடம் கொடுப்பதில்லை. பெண் பார்க்கப் போகும் வீட்டில், "பையன் உறக்கத்தில் பேசுவானா?" என்றுதான் முதலில் விசாரிக்கிறார்கள்.

துறைகளோ காது கிழியும் ஆரவாரம் உள்ள இடங்கள். ஆறு மணிநேரம் அடக்கி வைத்ததையெல்லாம் படகு பாறையைத் தொட்ட நொடியில் கொட்டித் தீர்ப்பார்கள். சண்டை, மன்னிப்பு, கணக்கு, காதல் எல்லாம் முதல் கால் மணிநேரத்திலேயே நடந்து முடியும். அதற்கென்றே துறையில் திண்ணைகள் கட்டி, சுக்குக் காப்பி விற்கிறார்கள். ஓதம் நாளுக்கு ஒரு முறை நாற்பது பாகம் ஏறி இறங்குவதால், துறை என்பது ஓரிடமாக இல்லாமல் செங்குத்துப் பாறையில் வெட்டிய நெடும் படிக்கட்டாக இருக்கிறது. எந்தப் படியில் படகு கட்டுவது என்பது நேரத்தைப் பொறுத்தது. பாகம் என்பது இரண்டு கைகளையும் விரித்த அளவு, ஏறத்தாழ ஆறு அடி. நம் கரையோர மீனவர்கள் ஆழத்தைச் சொல்லப் புழங்கும் அளவு. மீட்டரைவிட அது மேசையில் நன்றாக ஒலிக்கிறது, அதோடு கையை விரித்துக் காட்டவும் முடிகிறது.

வணிகத்தில் அதிக நேரம் செலவிட வேண்டாம். எந்தத் தீவில் என்ன விளைகிறது, எதற்குப் பற்றாக்குறை என்று இரண்டு வரி போதும். நான் ஒரு தீவுக்குப் பூம்பாறை பக்கத்து அடுக்கு வயல்களையும் மலைப்பூண்டையும் கொடுத்துவிட்டு நகர்ந்துவிட்டேன்.

ஐந்தாம் படி: ஆபத்தை விதியிலிருந்தே பிறக்கச் செய்யுங்கள்

இந்த இடத்தில்தான் மீண்டும் பூதங்களைக் கொண்டுவரும் ஆசை வரும். அதை அடக்கிக்கொண்டு, விதியை மீறத் தூண்டுவது எது என்று கேட்டுப் பாருங்கள். மஞ்சாழியில் மனிதரைக் கொல்வது பேச்சு என்றால், மனிதரைப் பேசவைப்பது எதுவோ அதுவே ஆபத்து.

கோக்கர் நடைபாதையில் எனக்கே நேர்ந்த ஒன்று இதற்குக் கைகொடுத்தது. மாலை வெயில் முதுகுக்குப் பின்னால் இருக்க, முன்னால் பள்ளத்தாக்கு முழுவதும் மஞ்சு எழுந்து நின்றது. அதில் ஓர் ஆளின் பெரிய உருவம் நின்றது. அதன் தலையைச் சுற்றி வானவில் நிறங்களில் ஒரு வளையம். நான் கையைத் தூக்கினேன், அதுவும் தூக்கியது. அது என் நிழல்தான் என்பதும், ஜெர்மனியின் பிராக்கன் மலையின் பெயரால் அறிவியலார் அழைக்கும் தோற்றம் என்பதும் எனக்கு முன்பே தெரியும். தெரிந்திருந்தும் "ஐயோ" என்றுதான் வாய் சொன்னது. மஞ்சாழியாக இருந்திருந்தால் ஒரு கிலோ.

ஆகவே மஞ்சாழியில் 'வளையன்' உண்டு. அவன் எவரையும் தொடுவதில்லை, தாக்குவதுமில்லை. உங்களைப் போலவே நின்று, நீங்கள் கையை இறக்கிய பிறகும் ஒரு நொடி தாமதித்துத் தன் கையை இறக்குவான். அந்த ஒரு நொடிக்காகவே படகுகள் மூழ்கியிருக்கின்றன.

இதைவிடக் கடுமையான ஆபத்து ஒரு கைக்குழந்தை. நாங்கள் ஆடியதிலேயே மிகவும் பதற்றமான மாலை, காய்ச்சல் கண்ட எட்டு மாதக் குழந்தையை வைத்தியரின் தீவுக்குக் கொண்டுபோன பயணம்தான். ஒரு மூச்சு அழுகைக்கு ஒரு சொல் என்று வைத்தேன். தாய் தாலாட்டினால் குழந்தை அடங்கும். ஆனால் தாலாட்டுக்கும் சொல் உண்டு. சரக்கு நூறு கிலோவையும் கடலில் தள்ளிவிடலாமா என்ற பேச்சு எழுந்தது; பேச்சு என்றால் கைகளாலேயே. கடைசியில் பக்கத்து வீட்டுப் பெண், தன் பாத்திரத்தின் விரலைக் குழந்தையின் வாயில் வைத்ததாகச் சைகையில் காட்டினாள். பகடை அவளுக்குச் சாதகமாக விழுந்தது.

ஆறாம் படி: வரைபடமும் பெயர்களும்

வரைபடத்தில் தூரத்தைக் காட்டிலும் பார்வை முக்கியம். கண்ணின் உயரத்தை மீட்டரில் எடுத்து, அதன் வர்க்கமூலத்தை 3.57ஆல் பெருக்கினால், அடிவானம் எத்தனை கிலோமீட்டரில் இருக்கிறது என்பது கிடைக்கும். படகில் நிற்பவருக்கு இரண்டு மீட்டர் என்று வைத்தால் ஐந்து கிலோமீட்டர். நூறு மீட்டர் உயரக் குன்றின் மேல் எரியும் தீப்பந்தம் அவருக்கு நாற்பது கிலோமீட்டர் தொலைவிலிருந்தே தெரியத் தொடங்கும். மணிக்கு ஐந்து கிலோமீட்டர் ஓடும் படகுக்கு முப்பது கிலோமீட்டர் என்பது ஆறு மணிநேரம். இந்த மூன்று எண்களையும் வரைபடத்தின் ஓரத்தில் எழுதிவைத்தால், எந்தத் தீவிலிருந்து எது தெரியும், எதைக் கண்ணை மூடிக்கொண்டு தேட வேண்டும் என்பது தானாக முடிவாகும்.

திசை காண்பதற்கு மாயக் கருவி எதையும் கொடுக்காதீர்கள். கரையில் முன்னும் பின்னுமாகத் தெரியும் மலைமுகட்டையும் கோபுரத்தையும் ஒரே நேர்க்கோட்டில் கொண்டுவந்து, பக்கவாட்டில் வேறு இரண்டு அடையாளங்களையும் அதேபோல் இணைத்து, இரண்டு கோடுகளும் வெட்டும் இடத்தைத் தங்கள் இடமாகக் கொள்ளும் வழக்கம் நம் மீனவர்களிடம் உண்டு. ஆட்டக்காரர்கள் இதை ஒரு முறை கற்றுக்கொண்டால் வரைபடத்தின் மேல் அளவுகோலை வைத்துக்கொண்டு தாங்களே தகராறு செய்யத் தொடங்கிவிடுவார்கள். நீங்கள் அந்த நேரத்தில் டீ குடிக்கலாம்.

பெயர்களுக்கு உச்சரிக்க முடியாத எழுத்துக் கோவைகளை உருவாக்க வேண்டாம். கடலுக்கு மட்டும் பரவை, புணரி, முந்நீர், பௌவம், அளக்கர் என்று நம்மிடம் பெயர்கள் குவிந்து கிடக்கின்றன. மஞ்சும் ஆழியும் சேர்ந்ததுதான் மஞ்சாழி. காற்றுகளுக்கு நான் பழம்பெயர்களையே விட்டுவிட்டேன்: வடக்கிலிருந்து வருவது வாடை, தெற்கிலிருந்து தென்றல், கிழக்கிலிருந்து கொண்டல், மேற்கிலிருந்து கோடை. (மேல்காற்றின் பெயர்தான் எங்கள் ஊர்ப்பெயரின் முதற்பாதியிலும் இருக்கிறது என்று சொன்னபோது பிள்ளைகள் நம்பவில்லை, அந்தப் பெயருக்கு வேறு விளக்கங்களும் சொல்வார்கள் என்பதால் நானும் வற்புறுத்தவில்லை.)

ஏழாம் படி: மேசையில் சோதியுங்கள்

தேவையானவை ஒரு சட்டி, ஒரு தட்டு, 180 புளியங்கொட்டைகள். கொட்டைகள் சட்டியில் இருக்கும். ஒரு சொல் பேசப்பட்டால் ஒன்று தட்டுக்குப் போகும். சட்டி காலியானால் படகு மூழ்கியது. கொட்டை விழும் ஓசை இதற்கு மிகவும் முக்கியம் என்பதால் எவர்சில்வர் தட்டையே பயன்படுத்துங்கள். பதினொரு மணி ஆனதும், அதாவது கதைக்குள் பதினொரு மணி ஆனதும், சட்டியிலிருந்து 144 கொட்டைகளை அள்ளி அப்பால் வைக்க வேண்டும். அவ்வளவு இல்லையென்றால் அதற்கான விளைவு ஆட்டக்காரர்களுக்கே தெரியும்.

எந்தப் பேச்சு கணக்கில் வரும் என்பதை முன்கூட்டியே முடிவு செய்யாததுதான் என் பெரிய பிழை. முதல் மாலையில், மேசையில் யார் என்ன பேசினாலும் எண்ணப்படும் என்று வீரமாக அறிவித்துவிட்டேன். அரை மணிநேரம் அற்புதமாகப் போனது. மெழுகுவத்தி வெளிச்சத்தில் நால்வரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு கைகளால் பேசிக்கொண்டிருந்தார்கள், வெளியே மழை. சட்டியில் மூன்றே மூன்று கொட்டைகள் இருந்தபோது சமையலறையிலிருந்து அண்ணி எட்டிப் பார்த்து, "டீ வேணுமா?" என்று கேட்டார்கள். நால்வரும் ஒரே குரலில் "வேணும்" என்றார்கள்.

படகு மூழ்கியது. அண்ணன் மகள் அழுதுவிட்டாள். அண்ணி என்னைப் பார்த்த பார்வையை இங்கே எழுத முடியாது.

அடுத்த வாரம் விதியைத் திருத்தினேன். பேச விரும்புபவர் முதலில் ஒரு கொட்டையைக் கையில் எடுக்க வேண்டும். கையில் கொட்டையோடு பேசினால் அது கதைக்குள் பேசுவது, கொட்டை இல்லாமல் பேசினால் அது வீட்டுக்குள் பேசுவது. என்னைக் கேள்வி கேட்பதும் வீட்டுப் பேச்சுதான். ஆனால் அச்சத்தில் தன்னையறியாமல் எழும் கூவல் எதுவானாலும், கொட்டை இருந்தாலும் இல்லாவிட்டாலும், எண்ணப்படும். இந்த விலக்கு இல்லாவிட்டால் வளையனுக்கு வேலையே இல்லை.

கதை எழுதுபவர்களுக்கு மேசை இல்லை என்றாலும் சோதனை உண்டு. கடலின் மேல் நடக்கும் ஓர் அத்தியாயத்தை எழுதி, உரையாடல்களில் உள்ள சொற்களை எண்ணுங்கள். 180ஐத் தாண்டினால் உங்கள் பாத்திரங்கள் அனைவரும் இறந்துவிட்டார்கள், திரும்ப எழுதுங்கள்.

எட்டாம் படி: மூழ்கியவை எங்கே போகின்றன என்று முடிவு செய்யுங்கள்

ஒரு விதி போதும் என்று சொன்னேன்; அந்த விதி நெடுநாள் நடந்தால் என்னவாகும் என்பதையும் ஒருமுறை யோசித்துவிடுவது நல்லது. படகு பாறையைத் தொட்டதும் சொற்களின் எடை கழல்கிறது என்றால், கழன்ற சொற்கள் எங்கே போகின்றன? மஞ்சாழியின் அடியில் போய்ப் படிகின்றன. பல நூறு ஆண்டுகளாகப் படிந்துகொண்டே இருந்தால்? ஒருநாள் எழுந்துதானே ஆக வேண்டும்.

எப்போது என்பதற்கு இந்த மலையிலேயே விடை இருந்தது. நீலக்குறிஞ்சி பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை பூக்கிறது. 2006இல் பூத்தது, 2018இல் பூத்தது, அடுத்து 2030. மஞ்சாழியிலும் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை பேரோதம் வரும். அன்று கடல் படிக்கட்டுகளின் கடைசிப் படியையும் தாண்டி ஊருக்குள் ஏறும். அடியில் கிடந்த சொற்கள் எல்லாம், பேசியவர்களின் குரலிலேயே, பேசப்பட்ட வரிசையிலேயே மேலே வரும். மூழ்கிய படகுகளில் கடைசியாகச் சொல்லப்பட்டது என்ன என்று உறவினர்கள் காத்திருந்து கேட்பார்கள்.

இதை மேசையில் நடத்த ஒரு நோட்டுப் புத்தகம் வேண்டும். முதல் ஆட்டத்திலிருந்தே, தட்டில் கொட்டை விழும் ஒவ்வொரு முறையும், எந்தச் சொல், யார் சொன்னது என்று ஒருவர் எழுதி வர வேண்டும். என்ன காரணத்துக்காக என்று அவர்களிடம் சொல்லாதீர்கள். அண்ணன் மகன் இரண்டு ஆண்டுகளாக இந்த வேலையை அலுத்துக்கொண்டே செய்தான். போன மழைக்காலத்தில் கதைக்குள் பன்னிரண்டாம் ஆண்டு வந்தது. மெழுகுவத்தியை ஏற்றி, நோட்டை அவனிடமிருந்து வாங்கி, கடல் மேலே ஏறி வருகிறது என்று சொல்லிவிட்டு, முதல் பக்கத்திலிருந்து படிக்கத் தொடங்கினேன். எச்சரிக்கைகள், ஒரு பெயர், பாதியில் நின்ற ஒரு கேள்வி என்று ஒவ்வொன்றாக வர, அவரவர் சொல் வந்தபோது அவரவர் தலையைக் குனிந்துகொண்டார்கள். அந்தப் பக்கத்தின் கடைசி வரிக்கு வந்ததும் நான் நிறுத்திவிட்டேன். அண்ணன் மகள் எட்டிப் பார்த்துவிட்டு, யாரும் கேட்காமலே, மூழ்கிய அந்தப் படகின் கடைசிச் சொல்லைத் தானே நான்கு முறை மெதுவாகச் சொன்னாள்: "வேணும். வேணும். வேணும். வேணும்."